மடித்தவள் குதிப்பாள்

எங்கள் பாராசூட் அறையில் ஒரு பழக்கம் உண்டு. பறக்கப் போகிற விமானி கவுண்டருக்கு வந்து, அலமாரியில் இருக்கும் ஒரு பாராசூட்டைக் கைகாட்டி, "யாரு மடிச்சது?" என்று கேட்பார். மடித்தவர் எழுந்து நின்று, "நான்தான். குதிக்கவும் தயார்" என்று சொல்ல வேண்டும். அதன் பிறகுதான் பாராசூட் கைமாறும். இருபத்தோரு வருடமாக நாளுக்குப் பத்துத் தடவையாவது நான் அதைச் சொல்லியிருப்பேன். "சாப்டாச்சா?" என்றால் "ஆச்சு" என்பது போலத்தான். கேட்கிறவர் பதிலைக் காதில் வாங்குவதில்லை. சொல்கிற எனக்கும் அது மனதில் ஏறுவதில்லை.

ஆனால் அது வெறும் பேச்சில்லை. சுவரில் தொங்கும் பலகையில் ஏழாவது விதியாக எழுதியே இருக்கிறது. எந்த விமானியும் ஒரு பாராசூட்டைக் காட்டி, அதை மடித்தவரையே குதிக்கச் சொல்லலாம். மடித்தவர் மறுக்கக் கூடாது. சொன்ன விமானி குதிக்கும் இடம்வரை கூடவே வந்து, விமானத்தின் கதவருகே உட்கார்ந்திருக்க வேண்டும். மடிக்கிற கை அசந்துவிடக் கூடாது என்று எந்தப் புண்ணியவானோ எழுதி வைத்திருக்கிறார். நான் வேலைக்குச் சேர்ந்த பிறகு ஒருவரும் அந்த விதியைத் தொட்டதில்லை. போன மாதம்வரை.

என் உயரம் நாலே முக்கால் அடி. எடை நாற்பத்தேழு கிலோ. விமானத்தளத்தில் எனக்கு வைத்திருக்கும் பெயர் அரைப்படி. உடம்பு சின்னது என்பதால் கோபம் தலைக்கு ஏற அதிக தூரமில்லை என்று என் கணவர் சொல்வார். அவர் பஸ் ஓட்டுநர். பொறுமை அவருக்குத் தொழில், எனக்கில்லை. அவருடைய தங்கை, அதாவது என் நாத்தனார், இதே தளத்தில் விமானி. பயிற்சி விமானத்தில் புதியவர்களுக்குப் பறக்கக் கற்றுக்கொடுப்பவள். கல்யாணமான புதிதில் அவளுக்கும் எனக்கும் ஆகாது. என் ஜாக்கெட்டை அவளும் அவள் செருப்பை நானும் மாற்றி மாற்றிப் போட ஆரம்பித்த பிறகு எப்படியோ ஆகிவிட்டது. இருவருக்கும் ஒரே அளவு.

வினையும் அந்த அளவில்தான் வந்தது. போன மாதத் தொடக்கத்தில் தளத்தின் தலைவர் கையெழுத்தோடு ஓர் உத்தரவு ஒட்டினார்கள். ஐம்பது கிலோவுக்குக் கீழே உள்ள விமானிகள் மூன்று வாரம் கழித்து வரும் திங்கட்கிழமை முதல் பறக்கக் கூடாது. பாராசூட்டை உடம்போடு பிணைக்கும் பட்டைகள், நாங்கள் ஹார்னஸ் என்று சொல்வது, அவர்களுக்குப் பொருந்தவில்லை. பொருந்தவில்லை என்பது உண்மை. அகலத் தோள்களுக்குத் தைத்த பட்டை, சின்னத் தோளில் நழுவும். குடை விரியும்போது வரும் இழுப்பில் ஆள் பட்டையை விட்டு வெளியே போய்விடலாம். சரி, பட்டையை மாற்ற வேண்டியதுதானே? செருப்புக்காகக் காலை வெட்டுவார்களா? வெட்டினார்கள். என் நாத்தனாருக்கு வானிலை அறையில் ஒரு நாற்காலி ஒதுக்கியாகிவிட்டது. ஆறு மாதம் பறக்காவிட்டால் பயிற்சி கொடுக்கும் தகுதி போய்விடும். பன்னிரண்டு வருடம் ஏறியதெல்லாம் ஒரே சறுக்கில் அடிமட்டத்துக்கு வந்துவிடும்.

இதில் எனக்கு வயிற்றெரிச்சல் என்னவென்றால், மாற்றுப் பட்டையை நான் ஏற்கெனவே தைத்துக் கொடுத்திருந்தேன். தளத்தில் 'புதுமைப் பிரிவு' என்று ஒன்றைத் தொடங்கி, அதற்குக் கண்ணாடிச் சுவர் வைத்த ஓர் அறை கட்டியிருக்கிறார்கள். உள்ளே ஐந்து நிறத்தில் முக்காலிகள், ஒரு பெரிய திரை, யோசனைகளை எழுதிப் போட ஒரு பெட்டி. உத்தரவுக்கு மூன்று மாதத்துக்கு முன்பே என் யோசனையைப் போட்டேன். முதுகுப் பக்கம் இரண்டு தோள்பட்டைகளையும் பெருக்கல் குறி போலக் குறுக்கே இழுத்துக் கட்டும் ஒரு பட்டை. நெஞ்சுக் கொக்கியை நாலு விரல் கீழே இறக்கினால் போதும். பெரிய விஞ்ஞானமில்லை, தொளதொள ரவிக்கையைப் பிடித்துத் தைக்கிற அதே வேலை. ஆனால் அந்த அறையின் அதிகாரிக்குப் புதுமை என்றால் அதில் ஒரு விளக்காவது மினுக்க வேண்டும். உத்தரவு வந்து, சின்ன உடம்புக்கு என்ன வழி என்று மேலிடம் கேட்ட பிறகுதான் என் பட்டையைத் தூசி தட்டி எடுத்தார்கள். குழு கூடியது. புதன்கிழமை, விமானங்களை நிறுத்தும் கொட்டகையான ஹேங்கரில் சோதனை.

ஹேங்கரில் ஒரு பொம்மை இருக்கிறது. கித்தான் துணியில் மணல் அடைத்த ஆள். எல்லாரும் அலங்காரம் செய்வார்கள், அவன் ஒரு வேலையும் செய்யமாட்டான். அதனால் பெயர் மாப்பிள்ளை. மாப்பிள்ளைக்குப் பட்டையை மாட்டி, கிரேனில் இரண்டு மாடி உயரத்துக்குத் தூக்கி, கயிற்றோடு விழவிடுவார்கள். கயிறு சட்டென்று இழுத்து நிறுத்தும்போது பட்டை பிடிக்கிறதா என்று பார்ப்பார்கள். அன்று நான் உள்ளே போகக் கூடாது, தைத்தவர் பக்கத்தில் நிற்கக் கூடாதாம். மத்தியானம் தாள் வந்தது. பொம்மை இடது தோளால் நழுவித் தலைகீழாகத் தொங்கியது. தோல்வி. கோப்பு மூடப்பட்டது. குழு அடுத்து கூடுவது ஆறு மாதம் கழித்து.

தாளைப் படித்ததும் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. என் தையல் பிரிந்தது என்றிருந்தால் வாயை மூடியிருப்பேன். நழுவியது என்றால்? அளவு டேப்பை எடுத்துக்கொண்டு நேரே ஹேங்கருக்குப் போனேன். மாப்பிள்ளை ஒரு மூலையில் சுருண்டு கிடந்தான். பழந்தலையணை மாதிரி நெஞ்சு உள்ளே போயிருந்தது. தோளை அளந்தேன். பத்தொன்பது அங்குலம்.

"என்ன அண்ணே இது?" என்று கிரேன்காரரைக் கேட்டேன்.

"நாப்பத்தெட்டு கிலோவுக்குப் பொம்மை வேணும்னு சொன்னாங்க. நம்மகிட்ட இருக்கறது எண்பது. முப்பத்திரண்டு கிலோ மணலை எடுத்தேன். எடை கரெக்டா வந்துச்சேம்மா?"

"எடை வந்துச்சு அண்ணே. தோளு வரலையே. என் நாத்தனாருக்குத் தோளு பதினஞ்சு அங்குலம். அவளுக்குத் தெச்சதை இந்தத் தடியனுக்கு மாட்டுனா, பட்டை எப்படிப் பூட்டும்?"

"குறுக்குப் பட்டை பூட்டலைதான். எட்டவே இல்ல. விட்டுட்டோம்." அவர் தலையைச் சொறிந்துகொண்டு படிவத்தைக் காட்டினார். "பாரு, எடைன்னு ஒரு கட்டம் இருக்கு. தோளுன்னு கட்டமே இல்ல."

நல்ல மனிதர், அவரைத் திட்டி என்ன பயன்? இத்தனை வருடமாக இந்தத் தளத்தில் சின்ன ஆள் என்றால் மணலைக் குறைத்த பெரிய ஆள் என்றுதான் அர்த்தம். நேரே கண்ணாடி அறைக்குப் போனேன். அதிகாரி மஞ்சள் முக்காலியில் உட்கார்ந்து திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். விஷயத்தைச் சொன்னேன். சிரித்தார்.

"ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னு சொன்னாளாம். அந்தக் கதையா இருக்கே."

"கூடம் கோணல்தான் சார். டேப் கையில இருக்கு, வாங்க, அளந்தே காட்டறேன்."

"இதெல்லாம் குழு முடிவு பண்ணது. எழுதிக் குடுங்க, அடுத்த கூட்டத்துல வெப்போம். பாதிக்கப்படறது உங்க நாத்தனார். உங்களுக்கு ஆசை இருக்கும், புரியுது."

ஆசையாம்! நான் ஏதோ வீட்டுக்கு ஃபேன் வாங்கித் தரச் சொல்லிக் கெஞ்சியது போல. பதில் சொன்னால் வார்த்தை தடித்துவிடும் என்று வந்துவிட்டேன். நடைபாதையில் வரும்போதுதான் எங்கள் அறைச் சுவரில் இருந்த பலகை கண்ணில் பட்டது. இருபத்தோரு வருடமாக அதற்கு ஒட்டடை அடிக்கிறேன். அன்றுதான் உட்கார்ந்து படித்தேன்.

மறுநாள் காலைச் சாப்பாட்டின்போது வீட்டில் நாத்தனாரிடம் விஷயத்தைப் போட்டு உடைத்தேன். "நாளைக்கு நீ கவுண்டருக்கு வரணும். அலமாரில என் புது ஹார்னஸோட ஒரு பாராசூட் இருக்கும். அதைக் காட்டி என்னைக் குதிக்கச் சொல்லணும்."

நாத்தனார் தட்டை நகர்த்திவிட்டாள். "உங்களுக்கு என்ன பைத்தியமா அண்ணி? அது நழுவுச்சுன்னா, ஆபத்துக்குன்னு வெச்சிருக்கற ரிசர்வ் பாராசூட்டும் அதே பட்டையிலதான் தொங்கும். ரெண்டும் போயிடும்."

"நழுவாது."

"நழுவினா?"

"உலகத்துல நாத்தனார்ங்க எல்லாம் அண்ணியைத் தள்ளிவிட எப்படா வாய்ப்பு வரும்னு காத்துக் கெடக்கறாங்க. உனக்குச் சட்டமே வாய்ப்புக் குடுத்திருக்கு, நீ அழுவறியே!"

அவள் சிரிக்கவில்லை. என் கணவர் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார். "எனக்கு இருக்கறது ஒரு பொண்டாட்டி, ஒரு தங்கச்சி. ஒருத்தி குதிக்கறேங்கறா, இன்னொருத்தியைத் தள்ளச் சொல்றா. நான் யாருகிட்ட போய் முறையிட?"

அப்போதுதான் ஒரு பழைய பொய்யை ஒப்புக்கொள்ள வேண்டியதாயிற்று. என் தாடைக்குக் கீழே ஒரு தழும்பு இருக்கிறது. குளியலறையில் வழுக்கி விழுந்தேன் என்று இவர்களிடம் சொல்லியிருந்தேன். உண்மையில் அது வேலைக்குச் சேர்ந்தபோது பட்டது. மடிப்பவர்கள் எல்லாரும் ஒருமுறை குதித்துப் பார்க்க வேண்டும் என்று குதித்தபோது, பெரிய பட்டை மேலே ஏறி, கொக்கி தாடையில் அடித்துப் பல் ஆடிவிட்டது. ஒரு தோள் வெளியே வந்துவிட்டது. பட்டையை இரண்டு கையாலும் கட்டிப் பிடித்துக்கொண்டே இறங்கினேன். இறங்கியதும் எப்படி இருந்தது என்று கேட்டார்கள். நன்றாக இருந்தது என்றேன்.

"ஏன் அப்படிச் சொன்னீங்க?" என்று நாத்தனார் கேட்டாள்.

"குள்ளச்சி, லாயக்கில்லைன்னு அனுப்பிடுவாங்கன்னு பயம். அன்னைக்கே வாயைத் தொறந்திருந்தா, இன்னைக்கு உனக்கு இந்த உத்தரவு வந்திருக்காதுடி. என் வாய்க்கு நான் போட்ட பூட்டு உன் காலுல வந்து மாட்டியிருக்கு. எனக்கு அது தாங்கல."

அவள் எழுந்து கைகழுவப் போனாள். திரும்பி வந்து, "எத்தன மணிக்கு வரணும்?" என்று கேட்டாள். என் கணவர் தலையில் கை வைத்துக்கொண்டார்.

வெள்ளிக்கிழமை எட்டு மணிக்குக் கவுண்டரில் ஐந்தாறு பேர் நின்றிருந்தார்கள். நாத்தனார் வரிசையில் வந்தாள். என் பாராசூட்டைக் கைகாட்டினாள்.

"அது. யாரு மடிச்சது?"

"நான்தான். குதிக்கவும் தயார்."

"அப்படின்னா குதிங்க."

எல்லாரும் ஒரே நேரத்தில் பேசினார்கள். பத்தே நிமிடத்தில் கண்ணாடி அறை அதிகாரி ஓடி வந்தார். விமானத்தளத்தின் தலைவரும் வந்தார். நாங்கள் அவரைப் பெரியவர் என்போம். அதிகாரி, "இது தோத்துப்போன பட்டை சார், இதுல எப்படி ஆளை அனுப்பறது?" என்று கத்தினார். நான் டேப்பையும் மாப்பிள்ளையின் அளவையும் பெரியவர் முன்னால் வைத்தேன். அவர் படிவத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"குழு இல்லாம சோதனையைத் திரும்ப நடத்த எனக்கு அதிகாரம் இல்லம்மா."

"ஏழாவது விதிக்குக் குழு வேண்டாம் சார்."

"வேணும்னா பழைய ஹார்னஸ்ல குதி. விதிக்கு விதியும் ஆச்சு."

"பழசு எனக்கும் பொருந்தாது சார். இந்தத் தளத்துல எனக்குப் பொருந்தற ஒரே பட்டை அதுதான்." தாடையைத் தூக்கித் தழும்பைக் காட்டினேன், கதையையும் சொன்னேன்.

பெரியவர் பரிசோதகரைக் கூப்பிட்டு, அந்தப் பட்டையின் ஒவ்வொரு தையலையும் எடை கட்டி இழுத்துப் பார்க்கச் சொன்னார். சாயங்காலம்வரை இழுத்தார்கள். ஒரு நூல்கூட அசையவில்லை. "சனிக்கிழமை காலைல, காத்து குறைவா இருந்தா" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

சனிக்கிழமை காற்று குறைவாகத்தான் இருந்தது. பயம் குறைவாக இல்லை. நாலாயிரம் அடியில் கதவைத் திறந்தார்கள். சத்தத்தில் காது அடைத்தது. நாத்தனார் விதிப்படி கதவருகே உட்கார்ந்து, என் குறுக்குப் பட்டையை மூன்றாவது தடவையாக இழுத்துப் பார்த்தாள்.

"அண்ணி, தள்ளிவிடட்டுமா?" என்று காதில் கத்தினாள்.

"தொட்டே, கையை ஒடிச்சிடுவேன். நானே போறேன்."

போனேன். மூன்று எண்ணி இழுத்தேன். யாரோ பின்னாலிருந்து சட்டைக் காலரைப் பிடித்துத் தூக்கியது போல ஓர் இழுப்பு. இரண்டு தோளையும் தொட்டுப் பார்த்தேன். இரண்டும் பட்டைக்குள்ளேயே இருந்தன. தலைக்கு மேலே குடை முழுசாக விரிந்திருந்தது. "பாத்துக்கடா மாப்பிள்ளே!" என்று யாருமில்லாத வானத்தில் சத்தம் போட்டேன். இறங்கும்போது வேலிக்கு வெளியே ஒரு மனிதர் நிற்பது தெரிந்தது. வரவே மாட்டேன், பார்க்கவே மாட்டேன் என்று சொன்ன என் கணவர்தான். புல்லில் பொத்தென்று உட்கார்ந்த வாக்கில் விழுந்தேன். இடுப்பு வலித்தது. மனசு நிறைந்திருந்தது.

எழுந்து பட்டையைக் கழற்றும்போதுதான் இடது பக்கக் காறையெலும்பு சுரீர் என்றது. நெஞ்சுக் கொக்கி இரண்டு விரல் மேலே ஏறியிருந்தது. தோல் கன்றிச் சிவந்திருந்தது.

அறைக்கு வந்தால் கண்ணாடி அறை அதிகாரி போனில் படம் எடுக்கத் தயாராக நிற்கிறார். அறிக்கையும் தட்டச்சாகி இருந்தது. "முழு வெற்றி. புதுமைப் பிரிவின் சாதனை." அட, புதன்கிழமை என்னுடையதாக இருந்தது சனிக்கிழமைக்குள் அவர்களுடையதாகிவிட்டது.

"கொக்கி ரெண்டு விரல் ஏறிடுச்சு சார். அதை எழுதணும்."

அவர் குரலைத் தாழ்த்தினார். கெட்ட எண்ணத்தில் சொன்னார் என்று சொல்லமாட்டேன். "உயிரோட நிக்கறீங்க, அது போதும். குறைன்னு ஒரு வரி இருந்தா இதையும் தோல்வின்னு மூடிடுவாங்க. திங்கக்கிழமை உங்க நாத்தனார் பறக்கணுமா, வேண்டாமா?"

என் கை பேனாவோடு நின்றுவிட்டது. அவர் சொன்னது நடக்கக்கூடியதுதான். இதற்காகத்தானே குதித்தேன்? இரண்டு விரல்தானே? நன்றாக இருந்தது என்று ஒரு வார்த்தை எழுதினால் எல்லாம் முடிந்தது. அந்த வார்த்தையை நான் ஏற்கெனவே ஒருமுறை சொல்லியிருக்கிறேன். நிமிர்ந்து நாத்தனாரைப் பார்த்தேன். அவள் முகம் வெளுத்திருந்தது.

"எழுதுங்க அண்ணி" என்றாள். "நான் வானிலை அறைல உக்காந்தாலும் பரவாயில்ல. அடுத்து குதிக்கறவளுக்குப் பல்லு ஆடக் கூடாது."

எழுதினேன். அவருடைய தாளைக் கிழித்துவிட்டு என் கையெழுத்திலேயே எழுதினேன். தோள் நழுவவில்லை. கொக்கி இரண்டு விரல் ஏறியது. காறையெலும்பில் காயம். இருபத்தோரு வருடத்துக்கு முன் நடந்ததையும் கீழே சேர்த்து எழுதினேன். அப்போது பொய் சொன்னேன் என்றும் எழுதினேன்.

பெரியவர் இரண்டு முறை படித்தார். அதிகாரி கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இதைச் சரிபண்ண எவ்வளவு நேரமாகும்?" என்று பெரியவர் கேட்டார்.

"கொக்கிக்குக் கீழ ஒரு தாங்குபட்டை தெச்சா ஏறாது சார். ரெண்டு மணி நேரம்."

"பழுது பாத்த பட்டையைக் கிரேன்ல போட்டுப் பாக்கறது அன்றாட வேலை. அதுக்குக் குழு வேண்டாம். ஆனா பொம்மை?"

"பொம்மையையும் தெச்சிடறேன். அளவு எடுக்க ஆளு பக்கத்துலயே நிக்கறா."

ஞாயிற்றுக்கிழமை முழுவதும் தைத்தேன். கிரேன்காரர் மணல் அடைத்தார். தோள் பதினைந்து அங்குலம், எடை நாற்பத்தெட்டு. ஐந்து முறை விழவிட்டோம். ஐந்து முறையும் பொம்மை நிமிர்ந்தே தொங்கியது, கொக்கி ஒரு நூல் அளவும் ஏறவில்லை. புதுப் பொம்மைக்குக் கிரேன்காரர் பெயர் வைத்தார், நாத்தனார் என்று. படிவத்தில் எடைக் கட்டத்துக்குப் பக்கத்தில் பேனாவால் ஒரு கட்டம் போட்டு, 'தோள்' என்று நானே எழுதினேன். பெரியவர் அதற்கும் சேர்த்துக் கையெழுத்துப் போட்டுவிட்டு, தான் போட்ட உத்தரவின் குறுக்கே ஒரு கோடு இழுத்தார்.

திங்கட்கிழமை எட்டு மணிக்கு நாத்தனார் கவுண்டருக்கு வந்தாள். கையில் ஹெல்மெட், பின்னால் நாலைந்து விமானிகள். அலமாரியைக் கைகாட்டினாள்.

"யாரு மடிச்சது?"

நான் எழுந்து நின்றேன். காறையெலும்பு இன்னும் வலித்தது.

"நான்தான்" என்றேன். "குதிச்சாச்சு."